ஆவிகள் மீது ஒரு வழக்கு

ஐஸ்லாந்தின் மேற்குக் கரையில், ஸ்னைஃபெல்ஸ்னெஸ் தீபகற்பத்தில், ஃப்ரோதா என்றொரு பண்ணை. ஒரு குளிர்காலத்தில் அதன் வாசலில் நீதிமன்றம் கூடியது. குற்றம் சாட்டப்பட்டவர்கள் அனைவரும் செத்துப்போனவர்கள். அனுமதியின்றி வீட்டுக்குள் நடமாடினார்கள், உள்ளே இருந்தவர்களின் உயிரையும் உடல்நலத்தையும் பறித்தார்கள் என்பது புகார். சாட்சிகள் பேசினார்கள். நாட்டின் பேரவையில் வழக்கு எப்படி நடக்குமோ அப்படியே வாதங்கள் தொகுக்கப்பட்டு, ஒவ்வொருவர் பெயரையும் சொல்லித் தீர்ப்பு வழங்கப்பட்டது. தன் பெயர் வந்ததும் ஒவ்வொரு பேயும் எழுந்து, மனமில்லாமல் எதையோ முனகிவிட்டு, நீதிமன்றம் கூடாத பக்கத்துக் கதவு வழியாக வெளியேறியது. கடைசிப் பேயும் போன பிறகுதான் பாதிரியார் புனித நீரை எடுத்துக்கொண்டு வீட்டைச் சுற்றிவந்தார்.

இதைச் சொல்வது 13ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட எய்ர்பிக்யா சாகா. நாடு கிறிஸ்தவத்தை ஏற்றுக்கொண்ட கோடைக்கு அடுத்து வந்த குளிர்காலத்தில் இது நடந்ததாக சாகா கணக்கு வைக்கிறது. தொடக்கம் ஓர் அற்ப ஆசை. ஹெப்ரிடீஸ் தீவுகளிலிருந்து தொர்குன்னா என்ற கிறிஸ்தவப் பெண் கப்பலில் வந்திறங்குகிறாள். அவளுடைய விலையுயர்ந்த படுக்கை விரிப்புகள் மேல் பண்ணைக்காரி தூரித்துக்குக் கண். தொர்குன்னா நோயில் விழுந்து சாகும் தறுவாயில் இரண்டு கட்டளைகள் இடுகிறாள்: தன் உடலைத் தெற்கே ஸ்கால்ஹோல்ட்டில் அடக்கம் செய்ய வேண்டும், படுக்கையை எரித்துவிட வேண்டும். முதலாவதை நிறைவேற்றுகிறார்கள். இரண்டாவதைத் தூரித் நிறைவேற்ற விடவில்லை. பிணத்தைச் சுமந்து போனவர்களுக்கு வழியில் ஒரு பண்ணையில் சோறு கிடைக்காதபோது, பிணமே நிர்வாணமாக எழுந்து அடுக்களைக்குள் போய்ச் சமைத்துப் பரிமாறுகிறது. பண்ணைக்காரர் நடுங்கிப்போய் விருந்தோம்பலில் இறங்கிவிடுகிறார். உலகப் பேய்க்கதைகளில் இவ்வளவு கடமையுணர்வுள்ள பிணம் வேறெங்காவது இருக்குமா என்பது சந்தேகம்தான்.

பிறகு சாவுகள் வரிசையாக வருகின்றன. பண்ணைத் தலைவர் தொரொத் ஐந்து ஆட்களோடு கருவாடு ஏற்றிவரப் படகில் போய் மூழ்கிப்போகிறார். அவருக்கான இழவு விருந்து நடக்கும் இரவில் அந்த ஆறு பேரும் ஈரம் சொட்டச் சொட்ட வந்து அடுப்பங்கரையில் குளிர்காய உட்காருகிறார்கள். வீட்டார் முதலில் மகிழ்கிறார்கள். கடலில் செத்தவர் தன் இழவு விருந்துக்கே வந்தால், கடல் தெய்வமான ரான் அவரை நன்றாக வரவேற்றிருக்கிறாள் என்பது பழைய நம்பிக்கை. மக்கள் ஞானஸ்நானம் பெற்றுவிட்டார்கள், பெயரளவில் கிறிஸ்தவர்களாகிவிட்டார்கள், ஆனால் பழைய சமயத்தைப் பெரிதாக உதறிவிடவில்லை என்று சாகாவை எழுதியவர் இந்த இடத்தில் நிறுத்தி விளக்குகிறார். விருந்து முடிந்தும் விருந்தாளிகள் போகவில்லை. பண்ணையில் இருந்த 30 வேலையாட்களில் 18 பேர் செத்தார்கள், 5 பேர் ஓடிப்போனார்கள், மிஞ்சியவர்கள் 7 பேர்.

தூரித்தின் மகன் க்யார்தன், ஹெல்காஃபெல்லில் இருந்த தன் தாய்மாமன் ஸ்னோரியிடம் யோசனை கேட்கப் போகிறான். ஸ்னோரி சொன்ன வைத்தியம் மூன்று படி கொண்டது: படுக்கையை எரி; பேய்கள் மீது வாசலில் வழக்குப் போடு; பிறகு பாதிரியாரை வைத்துப் பூசை செய். பாதிரியாரையும் அவரே அனுப்பிவைத்தார். இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். சட்டம் முன்னே போகிறது, சிலுவை பின்னால் வருகிறது. ஐஸ்லாந்து மதம் மாறியதும் இதே வரிசையில்தான்.

நாட்டின் பேரவையான ஆல்திங், 930 முதல் ஆண்டுதோறும் கோடையில் திங்வெல்லிர் சமவெளியில் கூடிவந்தது. அரசன் கிடையாது, படை கிடையாது, நிர்வாகம் என்று ஒன்றும் கிடையாது. இருந்தது சட்டம் மட்டும். அதுவும் ஏட்டில் இல்லை. சட்டம் ஓதுபவர் ஒருவர் ஆண்டுக்கு மூன்றில் ஒரு பங்காக மூன்றாண்டில் முழுச் சட்டத்தையும் மனப்பாடமாகச் சொல்லி முடிப்பார். கோதி எனப்பட்ட குறுநிலத் தலைவர்கள் ஒரே நேரத்தில் வழக்காளிகளின் புரவலர்களாகவும் பழைய தெய்வங்களுக்குப் பலியிடும் பூசாரிகளாகவும் இருந்தார்கள். தோர், ஓடின், ஃப்ரேயா ஆகியோருக்கான வழிபாடும் ஊர் அதிகாரமும் ஒரே கையில் இருந்தன என்பதால், சமயத்தைத் தொட்டால் அதிகாரத்தைத் தொட்டதாகும்.

தொட்டவர் நார்வே மன்னர் ஓலாஃப் திரிக்வசன். அவர் அனுப்பிய போதகர் தாங்பிராண்ட் சாந்தமானவர் அல்லர். தன்னைப் பழித்துப் பாட்டுக் கட்டியவர்களைக் கொன்றுபோட்டவர். ஆனாலும் கிசுர், ஹ்யால்டி, சீதாவின் ஹால் போன்ற சில பெரிய மனிதர்களை அவர் ஞானஸ்நானம் பெறச் செய்தார். பேரவையில் ஃப்ரேயாவை நாயோடு ஒப்பிட்டுப் பாடிய ஹ்யால்டியை மூன்றாண்டுக்கு நாடு கடத்தினார்கள். தாங்பிராண்ட் தோற்றுத் திரும்பியதும் ஓலாஃப் கொதித்தார். நார்வேயில் இருந்த ஐஸ்லாந்தியர்களை உயிரோடு விடுவதாக இல்லை. தாங்கள் போய் நாட்டை மாற்றிக் காட்டுவதாக வாக்குக் கொடுத்துத்தான் கிசுரும் ஹ்யால்டியும் ஊர் திரும்பினார்கள்.

999 அல்லது 1000 கோடையில் பேரவை இரண்டாகப் பிளந்தது. ஒரே சட்டத்தின் கீழ் இனி வாழ மாட்டோம் என்று இரு தரப்பும் சாட்சிகளை வைத்து அறிவித்துவிட்டன. கிறிஸ்தவர்கள் தங்களுக்கென ஒரு சட்டத்தை ஓதும்படி ஹாலைக் கேட்டார்கள். அவரோ சட்டம் ஓதும் பொறுப்பிலிருந்த தொர்கெய்ரிடமே போய்ப் பேசி முடித்தார். தொர்கெய்ர் அன்று வரை பழைய சமயத்தவர். அவர் தன் கூடாரத்துக்குப் போய், போர்வையை இழுத்து மூடிக்கொண்டு, அந்தப் பகலும் இரவும் ஒரு வார்த்தை பேசாமல் படுத்திருந்தார்.

மறுநாள் சட்டப் பாறையில் ஏறி, சட்டத்தைக் கிழித்தால் அமைதியும் கிழிந்துவிடும் என்று முதலில் பேசினார். தன் தீர்ப்பை ஏற்பதாக இரு தரப்பிடமும் ஒப்புதல் வாங்கினார். அதன் பிறகே தீர்ப்பைச் சொன்னார்: அனைவரும் கிறிஸ்தவர்களாக வேண்டும், ஞானஸ்நானம் பெற வேண்டும். ஆனால் பிறந்த சிசுவை வெளியே விட்டுவிடுவதற்கும் குதிரை இறைச்சி தின்பதற்கும் பழைய சட்டமே நீடிக்கும். விரும்புகிறவர்கள் மறைவாகப் பலியிடலாம். சாட்சிகள் பார்த்துவிட்டால் மூன்றாண்டு நாடு கடத்தல். இந்த விலக்குகள் சில ஆண்டுகளில் நீக்கப்பட்டன. இருந்தாலும் மதமாற்றத்தின் முதல் வடிவம் அதுதான்: பொதுவெளி கிறிஸ்துவுக்கு, கொல்லைப்புறம் அவரவர் விருப்பத்துக்கு. திங்வெல்லிரின் குளிர்ந்த நீரில் இறங்க மாட்டோம் என்று பலர் அடம்பிடித்ததால், வீடு திரும்பும் வழியில் லௌகர்வாட்னின் வெந்நீர் ஊற்றில் அவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்தார்கள் என்று கிறிஸ்ட்னி சாகா கூறுகிறது. அதே நூலில் இன்னொரு காட்சியும் உண்டு. அருகே எரிமலைக் குழம்பு பாய்கிறது என்ற செய்தி பேரவைக்கு வந்ததும், தெய்வங்களுக்குக் கோபம் வந்துவிட்டது என்று பழைய சமயத்தவர்கள் கூவினார்கள். நாம் நிற்கும் இந்தப் பாறை எரிந்து ஓடியபோது தெய்வங்களுக்கு எதன் மேல் கோபம் என்று ஒருவர் திருப்பிக் கேட்டார். கேட்டவர், பேய்கள் மீது வழக்குப் போடச் சொன்ன அதே ஸ்னோரி.

நம்பகமான பகுதி எது, கதை எது? தொர்கெய்ரின் தீர்ப்பைப் பற்றிய மிகப் பழைய பதிவு அரி தோர்கில்சன் எழுதிய ஐஸ்லாந்தியர் நூல். 1122க்கும் 1133க்கும் இடைப்பட்டது. சம்பவம் நடந்து நூற்றிருபது ஆண்டுகளுக்குப் பிந்தியது என்றாலும் அரி தன் சாட்சிகளைப் பெயர் சொல்லியே நிறுத்துகிறார். அவரை வளர்த்த ஹால் என்ற முதியவர், மூன்று வயதில் தாங்பிராண்ட் தனக்கு ஞானஸ்நானம் கொடுத்ததை நினைவில் வைத்திருந்தவர். இன்னொரு சாட்சி ஸ்னோரியின் மகள் தூரித். வழக்காடிப் பழகிய ஒரு சமூகத்தின் வரலாற்றாசிரியர் இப்படித்தான் எழுத முடியும். பேய்களும் பாறைக்குள் விருந்துகளும் வரும் சாகாக்கள் 13ஆம் நூற்றாண்டுக் கிறிஸ்தவர்கள் தங்கள் முன்னோரைப் பற்றி எழுதியவை. முன்னோர் என்ன நம்பினார்கள் என்பதற்கு அவை நேரடிச் சான்றாகா. எதை நம்பியிருப்பார்கள் என்று பேரப்பிள்ளைகள் கருதினார்கள் என்பதற்கு நல்ல சான்று.

தலைவர்களுக்கு இந்த மாற்றத்தில் நட்டமில்லை. பலிமேடை வைத்திருந்தவர்களே தங்கள் பண்ணையில் தேவாலயம் கட்டினார்கள். கட்டுபவரின் தேவாலயத்துக்குள் எத்தனை பேர் நிற்க முடியுமோ அத்தனை பேருக்கு அவர் சொர்க்கத்தில் இடம் பிடித்துத் தரலாம் என்று குருமார்கள் ஆசை காட்டியதை எய்ர்பிக்யா சாகா ஒளிவுமறைவில்லாமல் சொல்கிறது. கிசுரின் மகன் இஸ்லெய்ஃப் 1056இல் முதல் ஆயர் ஆனார்; இருக்கை ஸ்கால்ஹோல்ட், அவர்களுடைய குடும்பப் பண்ணை. அவருக்குப் பின் வந்த ஆயர் அவருடைய மகன். 1090களின் இறுதியில் தசமபாக வரி சட்டமானபோது, அதில் தேவாலயத்துக்குரிய பங்கு அந்தத் தேவாலயத்தின் சொந்தக்காரரான தலைவரின் பொறுப்பிலேயே போய்ச் சேர்ந்தது. பூசாரித் தொழில் கைமாறவில்லை, பூசைதான் மாறியது.

மண்ணுக்கடியில் கிடைப்பவையும் இதோடு ஒத்துப்போகின்றன. குதிரையையும் ஆயுதத்தையும் கூட வைத்துப் புதைத்த பழைய சமயக் கல்லறைகள் முந்நூறுக்கும் மேல் கிடைத்துள்ளன. மாற்றத்துக்குப் பின் அந்த வழக்கம் விரைவாக நின்றுவிடுகிறது. தெற்கே ஃபோஸ் என்ற இடத்தில் கிடைத்த 10ஆம் நூற்றாண்டு வெள்ளிப் பதக்கம் ஒன்று தோரின் சுத்தியலா கிறிஸ்துவின் சிலுவையா என்று அறிஞர்கள் இன்னமும் வாதாடுகிறார்கள். அணிந்திருந்தவருக்கு அந்தக் குழப்பம் ஒரு வசதியாகவும் இருந்திருக்கலாம். முதல் குடியேறிகளில் ஒருவரான 'மெலிந்த' ஹெல்கி கிறிஸ்துவை நம்பினார், தன் பண்ணைக்கும் கிறிஸ்துவின் பெயரையே வைத்தார். ஆனால் கடல் பயணம் என்றால் தோரைத்தான் கூப்பிட்டார் என்று குடியேற்ற நூல் குறிக்கிறது.

ஆகவே, தொர்கெய்ர் ஊர் திரும்பியதும் தன் தெய்வச் சிலைகளை அருவியில் தூக்கி எறிந்தார், அதனால் அது கோதாஃபோஸ் ஆனது என்று வடக்கே சுற்றுலாப் பயணிகளுக்குச் சொல்லப்படும் கதையைச் சந்தேகத்தோடுதான் கேட்க வேண்டும். இடைக்கால நூல் எதிலும் அது இல்லை. 19ஆம் நூற்றாண்டில்தான் ஏட்டில் ஏறியது. மதமாற்றம் என்றால் இப்படி ஒரு பெரிய முறிவு இருந்திருக்க வேண்டும் என்று பிற்காலம் எதிர்பார்த்தது. பழைய நூல்கள் காட்டும் நாட்டுப்புறம் எதையும் எறிந்துவிடவில்லை.

ஹெல்காஃபெல் இதற்கு நல்ல உதாரணம். உயரம் வெறும் 73 மீட்டர். மலை என்பதைவிடக் குன்று என்பதே பொருந்தும். நார்வேயிலிருந்து வந்த தோர் பக்தர் தோரோல்ஃப் அதைப் புனிதமாக்கினார்: முகம் கழுவாமல் யாரும் அதைப் பார்க்கக் கூடாது, அதன் மேல் எந்த உயிரையும் கொல்லக் கூடாது. தானும் தன் வம்சமும் செத்தபின் அந்த மலைக்குள்தான் போவோம் என்று நம்பினார். அவருடைய மகன் தோர்ஸ்டெய்ன் 25 வயதில் மீன்பிடிக்கப் போய் மூழ்கிய மாலையில், மலையின் வடபக்கம் திறந்துகொண்டதை ஓர் இடையன் பார்த்தானாம். உள்ளே பெரிய நெருப்புகள், கொம்புக் கோப்பைகளின் ஆரவாரம். தோர்ஸ்டெய்னைத் தந்தைக்கு எதிரே உயர்ந்த ஆசனத்தில் அமரச் சொல்லும் குரல்கள்.

தோர்ஸ்டெய்னின் பேரன்தான் ஸ்னோரி. அந்த ஹெல்காஃபெல்லில் தேவாலயம் கட்டியவர் அவரே. பின்னர் பண்ணை மாற்றிக்கொண்டதில் அது லாக்ஸ்தேலா சாகாவின் நாயகி குத்ரூனின் கைக்கு வந்தது. நான்கு முறை மணந்த அவள் முதுமையில் நாட்டின் முதல் துறவிப் பெண்ணானாள் என்கிறது சாகா. அவளுடைய கொள்ளுப்பேரன் வரலாற்றாசிரியர் அரி. அவர் ஏழு வயது வரை வளர்ந்ததும் அங்கேதான். 1184 முதல் அகுஸ்தீன் சபையின் மடம் அங்கே இயங்கியது. இன்று குன்றில் ஏறுகிறவர்கள் குத்ரூனின் கல்லறை எனப்படும் இடத்திலிருந்து புறப்பட்டு, பேசாமலும் திரும்பிப் பார்க்காமலும் உச்சிக்குப் போனால் மூன்று வேண்டுதல்கள் பலிக்கும் என்பது ஐதீகம். தோர் போய், துறவிப் பெண் போய், மடாலயமும் சீர்திருத்தக் காலத்தில் போன பிறகும், இந்தக் குன்றை நெருங்க ஒரு நியமம் உண்டு என்ற எண்ணம் மட்டும் போகவில்லை.

மாற்றம் பின்னோக்கியும் நடந்திருக்கிறது. அதே வட்டாரத்தில் குடியேறிய ஆவுத் என்ற கிறிஸ்தவப் பெருமாட்டி க்ரோஸ்ஹோலார் மேடுகளில் சிலுவைகளை நட்டு ஜெபித்தாள். புனிதப்படுத்தாத மண்ணில் கிடக்க விரும்பாமல், கடல் ஏறி இறங்கும் கரையில் தன்னைப் புதைக்கச் சொன்னாள். அவள் போன பின் சந்ததியினர் பழைய சமயத்துக்கே திரும்பினார்கள். ஆனால் இடத்தை மாற்றவில்லை: சிலுவை நின்ற மேட்டிலேயே பலிமேடை அமைத்து, செத்தபின் அந்த மேட்டுக்குள்தான் போவோம் என்று நம்பத் தொடங்கினார்கள். அரியின் முன்னோர்களில் ஒருவரான தோர்த் கெல்லிர், தலைவர் ஆகும் முன் அந்த மேட்டுக்குள் அழைத்துச் செல்லப்பட்டாராம். 1965இல் ஆவுத் நினைவாக அங்கே மீண்டும் ஒரு கற்சிலுவை நிறுவப்பட்டது.

பெரிய தெய்வங்களை ஒழிப்பது திருச்சபைக்கு ஒப்பீட்டளவில் எளிது. தோருக்கும் ஓடினுக்கும் கோயில் உண்டு, பூசாரி உண்டு. பூசாரி மாறினால் போதும். பாறைக்கும் ஊற்றுக்கும் உரிய நில ஆவிகளுக்குப் பூசாரி இல்லை. பழைய சட்டம் ஒன்று, கரையை நெருங்கும் கப்பல்கள் முகப்பிலுள்ள பயங்கரத் தலைகளைக் கழற்றிவிட வேண்டும், இல்லையேல் நில ஆவிகள் மிரளும் என்று விதித்ததாகச் சொல்வார்கள். கிறிஸ்தவச் சட்டத் தொகுப்பான கிராகாஸ், மனிதருக்கோ மாட்டுக்கோ மந்திரக் கல்லைக் கட்டுவதற்கு மூன்றாண்டு நாடு கடத்தல் தண்டனை வைத்தது. 14ஆம் நூற்றாண்டின் ஹௌக்ஸ்புக் சுவடியில் உள்ள ஒரு பிரசங்கம், பெண்கள் சோற்றைக் கற்குவியலுக்கும் பாறைக்கடிக்கும் எடுத்துப்போய் நில ஆவிகளுக்குப் படைத்துவிட்டுத் தாங்களே தின்பதைத் திட்டுகிறது. பாதிரியார் திட்டியதால்தான் அந்தப் படையல் நமக்குத் தெரியவந்தது.

1203 முதல் 1237 வரை ஹோலாரின் ஆயராக இருந்த குத்முந்த் அராசன், நாடெங்கும் ஊற்றுகளையும் பாறைகளையும் மந்திரித்து ஆசீர்வதித்துக்கொண்டே அலைந்தவர். பறவை பிடிக்கக் கயிற்றில் இறங்குபவர்கள் அடிக்கடி விழுந்து செத்த திராங்கே தீவின் செங்குத்துப் பாறைகளை அவர் கயிற்றில் தொங்கியபடி ஆசீர்வதித்தபோது, பாறையிலிருந்து முடி அடர்ந்த கை ஒன்று கத்தியோடு நீண்டதாம். கயிற்றின் இரண்டு இழைகள் அறுந்தன. முன்பே மந்திரித்த மூன்றாவது இழை அறவில்லை. ஆசீர்வாதத்தை நிறுத்தும்படி உள்ளிருந்து ஒரு குரல் கெஞ்சியது. பொல்லாதவர்களுக்கும் எங்காவது இடம் வேண்டுமே என்றது. ஆயர் அதை நியாயம் என்று ஏற்று, ஒரு பகுதியை ஆசீர்வதிக்காமல் விட்டார். புறச்சமயப் பாறை என்றே அதற்குப் பெயர். தொர்கெய்ரின் தீர்ப்பில் இருந்த அதே பேரம் இங்கேயும் நடக்கிறது.

அடுத்த கட்டத்தில் பாறைவாசிகளே மதம் மாறிவிட்டார்கள். யோன் ஆர்னசன் 1862 முதல் 1864 வரை லைப்சிக்கில் வெளியிட்ட நாட்டுக்கதைத் தொகுப்பில், மறைமக்கள் எனப்படும் இவர்களுக்கு வேதாகம வம்சாவளியே இருக்கிறது. கடவுள் பார்க்க வந்தபோது ஏவாள் குளிப்பாட்டாத பிள்ளைகளை வெட்கப்பட்டு ஒளித்துவைத்தாள். என்னிடம் மறைத்தது மனிதரிடமும் மறைந்தே இருக்கட்டும் என்று கடவுள் விதித்துவிட்டார். அந்தப் பிள்ளைகளின் சந்ததிக்கு மாடு உண்டு, படகு உண்டு, பாதிரியாரும் தேவாலயமும் உண்டு. குத்ரூனோடு பண்ணை மாற்றிக்கொண்டு ஸ்னோரி குடிபோன துங்காவின் அருகே துங்குஸ்தாபி என்ற தனிப் பாறை நிற்கிறது. அது மறைமக்களின் பேராலயம். அதற்குள் ஒரு முறை போய்வந்த ஸ்வெய்ன் என்ற இளைஞன் ஹெல்காஃபெல் மடத்தில் துறவியானான். பல ஆண்டுகள் கழித்து ஈஸ்டர் நாளில் ஊர்த் தேவாலயத்தில் நின்றபோது, எதிரே பாறையின் கதவு திறந்து மறைமக்களின் ஆயர் தெரிந்தார். அவரைப் பார்த்த கணத்தில் ஸ்வெய்ன் விழுந்து செத்தான். இரண்டு தேவாலயங்கள், இரண்டு பக்கமும் ஒரே ஈஸ்டர். பழைய சமயத்தவர் ஒருவரும் இல்லாத இந்தக் கதையில்தான் மலைக்குள் போய்ச் சேரும் பழைய சாவு மிகத் துல்லியமாக உயிரோடிருக்கிறது.

சீர்திருத்தத் திருச்சபைக்கு இந்தப் பொறுமை இல்லை. 17ஆம் நூற்றாண்டில் சூனியக் குற்றத்துக்காக இருபதுக்கும் சற்று மேற்பட்டோர் எரிக்கப்பட்டார்கள். ஐரோப்பாவின் பெரும்பாலான பகுதிகளுக்கு மாறாக ஏறக்குறைய அனைவரும் ஆண்கள். எழுத்துக் குறிகளை மரத்தில் செதுக்கியதும், மந்திரச் சுவடி வைத்திருந்ததும் வழக்கமான குற்றச்சாட்டுகள். அக்காலத்து மந்திரச் சுவடியான கால்த்ராபோக் ஏன் பாதிரியார்களைக் கலங்கடித்தது என்பது புரிகிறது: அதன் மந்திரங்கள் கிறிஸ்துவையும் ஓடினையும் தோரையும் சாத்தானையும் கூச்சமில்லாமல் ஒரே ஏட்டில் அழைக்கின்றன.

1973இல் பழைய தெய்வங்களை வழிபடும் ஆசாத்ரு சங்கம் அரசின் அங்கீகாரம் பெற்றது. அது நம் காலத்து மறுமலர்ச்சி, அறுபடாத தொடர்ச்சி அல்ல. அறுபடாதது வேறொன்று. 1974இல் உளவியலாளர் எர்லெந்துர் ஹரால்சன் நடத்திய கணக்கெடுப்பில் பாதிக்கு மேற்பட்டோர் மறைமக்கள் இருக்கக்கூடும் என்பதை மறுக்கவில்லை. உறுதியாக நம்பியவர்கள் சிறுபான்மைதான். 2013இல் ரெய்க்யாவிக் அருகே கால்காஹ்ராவுன் எரிமலைப் பாறைவெளியில் சாலை போட எதிர்ப்பு எழுந்தபோது, அங்கிருந்த ஒஃபெய்க்ஸ்கிர்க்யா என்ற பாறை மறைமக்களின் தேவாலயம் என்பதும் வாதங்களில் ஒன்றாக வந்தது. வெளிநாட்டுப் பத்திரிகைகள் அதை மட்டும் பிடித்துக்கொண்டு சிரித்தன; நீதிமன்றத்தில் நின்ற சுற்றுச்சூழல் வழக்கைக் கவனித்தவர்கள் குறைவு. சாலை போடப்பட்டது. பாறையை உடைக்காமல், 2015இல் பாரந்தூக்கி வைத்துத் தூக்கிச் சாலைத் துறை ஓரமாக நகர்த்தி வைத்தது.